ரெசிமிக்: பாதிக்குப் பாதி என்பதன் பொருள்

ஒரு மூலக்கூறு ரெசிமிக்காக இருக்க முடியாது. விடைத்தாள்களிலும் ஆய்வேடுகளிலும், சில நேரம் அச்சில் வந்த கட்டுரைகளிலும்கூட, “இந்த மூலக்கூறு ரெசிமிக் ஆனது” என்ற வாக்கியத்தைப் பார்க்கிறேன். ஒவ்வொரு முறையும் அந்த இடத்தில் வட்டம் போட்டுவிட்டுத்தான் மேலே படிக்கிறேன். கரிம வேதியியல் சொல்லிக்கொடுக்கிற பலருக்கு இந்தச் சொல்லின் மேல் ஒரு பிடிவாதம் உண்டு. எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே உண்டு. கலைச்சொல்லைச் சரியாகப் பிடித்துக்கொண்டால் பாதி வேதியியல் தானாகப் புரிந்துவிடும் என்று நான் உண்மையாகவே நம்புகிறேன், அதற்கு ரெசிமிக்கைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்காது.

கடலிலிருந்து எடுக்கிற சங்குகளை நினைத்துக்கொள்ளுங்கள். கையில் இருக்கும் ஒரு சங்கு வலம்புரியாக இருக்கும், அல்லது இடம்புரியாக இருக்கும். இரண்டும் ஒன்றுக்கொன்று கண்ணாடியில் தெரியும் பிம்பம் மாதிரி. எப்படித் திருப்பினாலும் ஒன்றை இன்னொன்றின் மேல் பொருத்த முடியாது. ஒரு குவியலில் இரண்டும் சரிபாதியாக இருந்தால் “பாதிக்குப் பாதி” என்று அந்தக் குவியலைச் சொல்லலாம்; அதிலிருந்து எடுத்த ஒற்றைச் சங்கைச் சொல்ல முடியாது. ரெசிமிக் என்பது குவியலைப் பற்றிய சொல். ஆடிபிம்ப வடிவங்கள் இரண்டும், அதாவது இரண்டு இனன்ஷியோமர்களும், சம அளவில் கலந்திருக்கும் பொருளுக்குத்தான் அந்தப் பெயர். தனி மூலக்கூறைச் சொல்ல வேண்டுமென்றால் கைரல் (தன் ஆடிபிம்பத்தின் மேல் பொருந்தாதது) அல்லது கைரல் அற்றது என்று சொல்லலாம்.

அந்த இரண்டு வடிவங்களுக்கும் உருகுநிலை ஒன்று, கரைதிறன் ஒன்று, அடர்த்தி ஒன்று. தளமுனைவுற்ற ஒளியை, அதாவது ஒரே தளத்தில் மட்டும் அதிரும் ஒளியை, கரைசல் வழியாக விட்டால் வேறுபாடு தெரியும். ஒன்று ஒளியின் தளத்தை வலப்பக்கம் திருப்பும், மற்றது அதே கோணத்துக்கு இடப்பக்கம் திருப்பும். வலஞ்சுழி, இடஞ்சுழி என்று பள்ளிப் பாடத்தில் படித்திருப்பீர்கள். ரெசிமிக் கரைசலில் இரண்டும் ஒன்றையொன்று சரியாக ஈடுகட்டிவிடும், இந்தத் திருப்பத்தை அளக்கும் கருவியான போலாரிமீட்டர் பூஜ்ஜியம் காட்டும். நம் பள்ளிப் புத்தகங்கள் இதைச் சுழிமாய்க் கலவை என்கின்றன. நல்ல சொல்தான், ஆனால் ஒரு எச்சரிக்கையோடு வைத்துக்கொள்ள வேண்டும். சுழற்சி மறைந்துபோனது என்பது விளைவு. இரண்டு பாதிகள் இருக்கின்றன என்பதுதான் பொருள். இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதிலிருந்துதான் பெரும்பாலான தவறுகள் வருகின்றன. அதைப் பிறகு சொல்கிறேன்.

இந்தச் சொல் பிறந்தது ஒரு ஆலையில். திராட்சை மது வைக்கும் பீப்பாய்களில் ஒரு உப்பு படியும். அதிலிருந்து எடுப்பதுதான் டார்டாரிக் அமிலம். சுவீடன் வேதியியலாளர் ஷீலே 1769-இல் அதைப் பிரித்தெடுத்தார். நம் வீட்டுப் புளியின் புளிப்புக்கும் பெரும்பங்கு காரணம் இதே அமிலம்தான். 1820-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிரான்சின் அல்சாஸ் பகுதியில் கெஸ்ட்னர் என்பவரின் ஆலையில் டார்டாரிக் அமிலம் தயாரிக்கும்போது, கூடவே வேறொரு அமிலமும் படிகமாக வந்தது. பிரெஞ்சு வேதியியலாளர் கே-லூசாக் அதை ஆராய்ந்தார். தனிமங்களும் விகிதமும் டார்டாரிக் அமிலத்தைப் போலவே இருந்தன, ஆனால் பொருள் வேறாக நடந்துகொண்டது. திராட்சைக் குலைக்கான லத்தீன் சொல்லான ரசேமஸ் என்பதிலிருந்து அதற்கு ரெசிமிக் அமிலம் என்று பெயர் வந்தது. சுவீடன் வேதியியலாளர் பெர்சீலியஸ் 1830-இல், ஒரே தனிமங்கள் ஒரே விகிதத்தில் இருந்தும் வேறாக நடந்துகொள்ளும் பொருட்களுக்கு ஐசோமர் என்ற சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தபோது அவர் முன்னால் இருந்த முக்கியமான ஜோடியும் இதுதான். ஆக, ரெசிமிக் என்பது முதலில் ஒரே ஒரு பொருளின் பெயர். ஒரு வகைக்கே பொதுப்பெயராக அது மாறியதற்குக் காரணம் 25 வயது இளைஞர் ஒருவர்.

லூயி பாஸ்டர் என்றால் வெறிநாய்க்கடி தடுப்பூசியும் பாலைக் காய்ச்சுகிற முறையும்தான் எல்லோருக்கும் நினைவுக்கு வரும். எனக்கு அவர் 1848-இன் பாஸ்டர்தான். பாரிசில் புரட்சி நடந்துகொண்டிருந்த ஆண்டு அது. ஜெர்மன் வேதியியலாளர் மிட்ஷர்லிக் அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு ஒரு புதிரைச் சொல்லியிருந்தார். டார்டாரிக் அமிலத்தின் உப்பான சோடியம் அமோனியம் டார்டரேட், அதே உப்பின் ரெசிமிக் வடிவம், இரண்டின் படிகங்களும் எல்லா வகையிலும் ஒன்றே; ஆனால் ஒன்று ஒளியைத் திருப்புகிறது, மற்றது திருப்பவில்லை. பாஸ்டருக்கு இது ஒத்துவரவில்லை. ஒளியைத் திருப்பும் டார்டரேட் படிகங்களின் ஓரத்தில் சின்னச் சின்ன முகங்கள் ஒரு பக்கமாகவே சாய்ந்திருப்பதை அவர் பார்த்திருந்தார். ரெசிமிக் உப்பில் அந்த முகங்கள் இருக்காது என்று எதிர்பார்த்துப் பார்த்தார். இருந்தன. ஆனால் சில படிகங்களில் வலப்பக்கம், சிலவற்றில் இடப்பக்கம்.

பொறுமையாக உட்கார்ந்து, படிகம் படிகமாகக் கையால் இரண்டு குவியலாகப் பிரித்தார். ஒவ்வொன்றையும் தனியாகக் கரைத்து ஒளியை விட்டுப் பார்த்தார். ஒன்று வலப்பக்கம் திருப்பியது, மற்றது இடப்பக்கம். சம எடையில் சேர்த்தால் பூஜ்ஜியம். திருப்பாத அமிலம் என்று எல்லோரும் நினைத்திருந்த பொருளுக்குள் திருப்பும் அமிலங்கள் இரண்டு இருந்தன.

கரிமப் பொருட்கள் ஒளியைத் திருப்புவதை 1815-இலேயே கண்டுபிடித்தவர் பிரெஞ்சு இயற்பியலாளர் பியோ. அப்போது அவருக்கு வயது எழுபதுக்கு மேல். இளைஞர் சொல்வதை அப்படியே நம்பிவிட அவர் தயாராக இல்லை. தானே சோதித்து வைத்திருந்த ரெசிமிக் அமிலத்தையும், சோடாவையும், அம்மோனியாவையும் கொடுத்து, தன் கண் முன்னால் கரைசலைத் தயாரிக்கச் சொன்னார். படிகம் வளர்வதற்குத் தன்னிடமே வைத்துக்கொண்டார். பிறகு பாஸ்டரைக் கூப்பிட்டு, படிகங்களைப் பிரிக்கச் சொல்லி, கரைசலைத் தன் கையாலேயே தயாரித்தார். இடப்பக்கம் திருப்பும் என்று பாஸ்டர் சொன்ன கரைசலைத்தான் முதலில் கருவியில் வைத்தார். அதுவரை யாரும் பார்த்திராத அமிலம் அது. கருவியில் தெரிந்த நிறச் சாயலைப் பார்த்ததுமே அவருக்குத் தெரிந்துவிட்டது. பாஸ்டரின் கையைப் பிடித்துக்கொண்டு, வாழ்நாள் முழுக்க அறிவியலை இவ்வளவு நேசித்திருக்கிறேன், இது என் நெஞ்சைத் துடிக்கவைக்கிறது என்று சொன்னதாகப் பாஸ்டரே பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். ஒரு முடிவை எப்படிச் சரிபார்க்க வேண்டும், சரியென்று தெரிந்தபின் எப்படி மனம் திறந்து ஏற்றுக்கொள்ள வேண்டும் என்பதற்கு மாணவர்களுக்கு நான் சொல்லும் கதை இதுதான். வகுப்பில் இந்த இடத்தை அவசரமாகக் கடந்துபோக என்னால் முடிந்ததில்லை.

இதில் இன்னொரு விஷயம் உண்டு. அந்த உப்பு தனித்தனி வலப்படிகமாகவும் இடப்படிகமாகவும் வருவது சுமார் 27 டிகிரி செல்சியசுக்குக் கீழே மட்டும்தான். அதற்கு மேலே போனால் இரண்டு வடிவங்களும் ஒரே படிகத்துக்குள் அடுக்கிக்கொள்ளும், கையால் பிரிக்க ஒன்றும் இருக்காது. பாரிசின் குளிர்ச்சி பாஸ்டருக்குக் கைகொடுத்தது. நம் சித்திரை மாதத்து வெயிலில், குளிரூட்டி இல்லாத ஒரு சென்னை ஆய்வகத்தில் இதே உப்பைப் படிகமாக்கினால் அவர் பார்த்ததை நாம் பார்க்க முடியாது.

இந்த 27 டிகிரிக் கதைக்குள்தான் சொல்லின் அடுத்த நுணுக்கம் இருக்கிறது. திண்மநிலையில் ரெசிமிக் பொருள் இரண்டு முக்கிய விதமாக இருக்கலாம். வலது மட்டும் உள்ள படிகங்களும் இடது மட்டும் உள்ள படிகங்களும் வெறுமனே கலந்து கிடப்பது ஒன்று. இதற்கு காங்ளாமரேட் என்று பெயர். ஒவ்வொரு படிகத்துக்குள்ளும் வலதும் இடதும் ஒழுங்காக ஜோடி சேர்ந்திருப்பது இன்னொன்று. இதை ரெசிமிக் சேர்மம் என்பார்கள். இரண்டாவதுதான் மிக அதிகம். காங்ளாமரேட்டாக வருபவை பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. ‘ரெசிமிக் கலவை’ என்று நாம் சாதாரணமாகச் சொல்வதை, வேதியியல் பெயர்களை வகுக்கும் உலக அமைப்பான ஐயூபேக் ஊக்குவிப்பதில்லை. சிலர் அதைக் காங்ளாமரேட் என்ற பொருளிலும் சிலர் பொதுவாகவும் பயன்படுத்தி வந்ததால், ரெசிமேட் என்று சொல்லுங்கள் என்கிறது. பள்ளி மாணவரிடம் இதை நான் வலியுறுத்த மாட்டேன். படிகங்களைப் பற்றி ஆய்வேடு எழுதுகிறவரிடம் கட்டாயம் வலியுறுத்துவேன்.

ஜோடி சேர்ந்த படிகம் தனிப் பொருளாகவே நடந்துகொள்ளும். தூய டார்டாரிக் அமிலம் 170 டிகிரியை ஒட்டி உருகும், ரெசிமிக் அமிலமோ 200 டிகிரியைத் தாண்டித்தான் உருகும். அறை வெப்பத்தில் 100 மில்லி தண்ணீரில் முன்னது 130 கிராமுக்கு மேல் கரையும், பின்னது சுமார் 20 கிராம்தான். கெஸ்ட்னரின் ஆலையில் அது தனியாகப் படிந்து கண்ணில் பட்டதில் வியப்பில்லை.

குறியீடுகளுக்கு வருவோம். மாணவர்கள் அதிகம் தடுமாறுவது இங்கேதான், அதற்காக அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். ஒரு பொருள் ஒளியை எந்தப் பக்கம் திருப்புகிறது என்பதை (+), (−) என்று எழுதுகிறோம். இது கருவியில் பார்த்துச் சொல்வது. டி, எல் என்பது கிளிசரால்டிஹைடு என்ற எளிய சர்க்கரையோடு ஒப்பிட்டு அமைப்பைச் சொல்வது. ஆர், எஸ் என்பது வேதியியலாளர்கள் கான், இன்கோல்டு, பிரெலாக் மூவரும் வகுத்த முன்னுரிமை விதிப்படி சொல்வது. மூன்றுக்கும் ஒன்றோடொன்று நேரடித் தொடர்பு கிடையாது. புளியில் இருக்கும் டார்டாரிக் அமிலத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். அது ஒளியை வலப்பக்கம் திருப்புகிறது, எனவே (+). பெயரிடும் வழக்கில் அது எல். விதிப்படி பார்த்தால் அதன் இரண்டு கைரல் கார்பன்களும் ஆர். ஒரே மூலக்கூறு, மூன்று அடையாளங்கள், மூன்றும் சரி. எல் என்றதும் இடப்பக்கம் திருப்பும் என்று எழுதிவிட்டால் புளியே அதைப் பொய்யாக்கிவிடும்.

ரெசிமேட்டை எழுத (±), ரேஸ், டி.எல். என்று பல முன்னொட்டுகள் உண்டு. அவை எல்லாம் சொல்வது சரிபாதி என்பதை மட்டுமே. முக்காலும் காலுமாக இருந்தால் அது ரெசிமிக் இல்லை. அதை இனன்ஷியோமர் மிகுதி என்ற அளவால் சொல்வோம். ஆய்வகத்தில் சுருக்கமாக ஈ.ஈ. 75-க்கு 25 என்றால், இரண்டுக்கும் உள்ள வித்தியாசமான 50 சதவீதம்தான் மிகுதி. ‘கொஞ்சம் ரெசிமிக் ஆகிவிட்டது’ என்று ஆய்வகத்தில் பேச்சுவாக்கில் சொல்வார்கள். பேச்சில் சரி, எழுத்தில் ‘பகுதி ரெசிமைசேஷன்’ (ஒற்றை வடிவம் ரெசிமேட்டை நோக்கி ஓரளவு மாறுவது) என்று நிகழ்வைத்தான் சொல்ல வேண்டும். ஒரு தொகுதி முதலில் விலகிப்போய், அந்த இடத்தில் பிறகு வேறொன்று வந்து சேரும் எஸ்.என்.1 வினை முழு ரெசிமைசேஷன் தரும் என்று பாடத்தில் ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். உண்மையில் பல வினைகளில் தலைகீழான வடிவம் கொஞ்சம் மிஞ்சி நிற்கும். விலகிப்போகும் அயனி கார்பன் நேர் அயனியின் பக்கத்திலேயே சிறிது நேரம் நின்று ஒரு வழியை மறைப்பதுதான் காரணம். இப்படிப்பட்ட விளைபொருளை ரெசிமிக் என்று எழுதினால் வினையின் போக்கைப் பற்றிய ஒரு உண்மையை அழித்துவிடுகிறோம்.

உயிருள்ள உடம்பில் புரதத்தின் அமினோ அமிலங்கள் எல்லாம் எல் வடிவம் (கைரலே இல்லாத கிளைசினை விட்டுவிடலாம்). காலம் போகப்போக அவை மெல்ல டி வடிவத்துக்கு மாறிச் சமநிலையை நோக்கிப் போகின்றன. பல்லின் எனாமலுக்கு உள்ளே இருக்கும் டென்டின் உருவானபின் அதன் புரதம் புதுப்பிக்கப்படுவதில்லை. அதனால் அதிலுள்ள அஸ்பார்டிக் அமிலத்தில் டி எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்று பார்த்து, இறந்தவரின் வயதைத் தடயவியலில் மதிப்பிடுகிறார்கள்.

அப்புறம் மருந்து. வாசகர்களில் அதிகம் பேருக்குத் தெரியாமலே ரெசிமிக்கோடு உறவு இருப்பது இங்கேதான். மூக்கு ஒழுகினால் வாங்கும் செட்ரிசின் 10 மில்லிகிராம் ஒரு ரெசிமேட். லீவோசெட்ரிசின் 5 மில்லிகிராம் அதன் ஒரு பாதி மட்டும், ஹிஸ்டமின் ஏற்பியைப் பல மடங்கு இறுக்கமாகப் பிடிக்கிற பாதி. ஓஃப்ளாக்சசின், லீவோஃப்ளாக்சசின்; சால்பியூட்டமால், லீவோசால்பியூட்டமால்; சிடலோபிராம், எஸ்சிடலோபிராம்; ஒமெப்ரசோல், எசோமெப்ரசோல். மருந்துப் பட்டையில் பெயருக்கு முன்னால் லீவோ என்றோ எஸ் என்றோ ஒட்டியிருந்தால் பெரும்பாலும் இதே கதைதான். ஒமெப்ரசோலில் கைரல் மையம் கார்பனில்கூட இல்லை, கந்தகத்தில் இருக்கிறது. இதை வகுப்பில் சொன்னால் பின்வரிசையும் நிமிர்ந்து உட்காரும்.

உடம்பின் புரதங்கள் தாங்களே கைரல் என்பதால் இரண்டு பாதிகளையும் அவை வேறு வேறாகத்தான் பார்க்கும். கார்வோன் என்ற பொருளின் ஆர் வடிவம் ஸ்பியர்மின்ட் புதினா வாசனை, எஸ் வடிவம் சீமைச் சோம்பின் வாசனை. மூக்குக்கே இவ்வளவு தெரிகிறது. நெதர்லாந்தின் மருந்தியலாளர் ஏரியன்ஸ் 1984-இல் ரெசிமிக் மருந்துகளின் வேலை செய்யாத பாதியை வெறும் சுமை என்று கடுமையாக எழுதினார். அமெரிக்காவின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்.டி.ஏ. 1992-இல் இது பற்றிய கொள்கை அறிக்கையை வெளியிட்டது. புதிய மருந்துக்கு இரண்டு வடிவங்களையும் தனித்தனியாக ஆராய்ந்தாக வேண்டும் என்ற நிலை வந்தது. ஏரியன்ஸின் கோபம் நியாயமானது என்றே நினைக்கிறேன்.

ஆனால் அதிலிருந்து ரெசிமிக் என்றால் மட்டம், ஒற்றை வடிவம் என்றால் உயர்வு என்ற முடிவுக்குத் தாவுவதை ஏற்க முடியாது. இபுபுரோஃபெனைப் பாருங்கள். வலியைக் குறைப்பது எஸ் வடிவம். விற்கப்படுவது பெரும்பாலும் ரெசிமேட். ஆர் வடிவத்தின் பெரும்பகுதியை உடம்பிலுள்ள நொதிகளே எஸ்ஸாக மாற்றிவிடுகின்றன. சுமை என்று நினைத்த பாதி வேலைக்கு வந்துவிடுகிறது. நாமக்கல் கோழிப்பண்ணைகள் மாதிரியான இடங்களில் தீவனத்தில் சேர்க்கும் டி.எல். மெத்தியோனின் விஷயமும் அப்படியே. கோழியின் உடம்பு டி வடிவத்தை முதலில் கீட்டோ அமிலமாக்கி, பிறகு எல் வடிவமாகக் கட்டிக்கொள்கிறது. பிரிக்கும் செலவு தேவைப்படுவதில்லை.

தாலிடோமைடு பற்றிச் சொல்லாமல் போக முடியாது. 1957-இல் மேற்கு ஜெர்மனியில் விற்பனைக்கு வந்து, 1961 நவம்பரில் அங்கே திரும்பப் பெறப்பட்ட மருந்து. உலகெங்கும் பத்தாயிரம் குழந்தைகள் அளவில் உறுப்புக் குறையோடு பிறந்தார்கள். ரெசிமிக் பாடத்தில் இதை எப்போதும் ஒரே மாதிரி சொல்கிறார்கள்: ஒரு வடிவம் நல்லது, மற்றது நஞ்சு, பிரித்துக் கொடுத்திருந்தால் தப்பித்திருக்கலாம். தயவுசெய்து இப்படிச் சொல்லிக்கொடுக்காதீர்கள். தாலிடோமைடின் கைரல் கார்பனில் இருக்கும் ஹைட்ரஜன் எளிதில் கழன்று திரும்ப ஒட்டும் இடத்தில் இருக்கிறது. எந்த வடிவத்தைத் தூய்மையாகக் கொடுத்தாலும் உடம்புக்குள் சில மணி நேரத்தில் மற்றதும் உருவாகிவிடும். பிரித்துக் கொடுத்திருந்தாலும் அந்தக் குழந்தைகள் தப்பியிருக்க மாட்டார்கள். கருவுக்கு என்ன ஆகும் என்று சரியாகச் சோதிக்காமல் விற்றதுதான் அங்கே நடந்த கொடுமை. கதையை வேதியியல் நுணுக்கமாகச் சுருக்கினால் அந்தப் பொறுப்பு கண்ணில் படாமல் போய்விடும். இதே மருந்து தொழுநோயில் வரும் ஒரு கடும் எதிர்வினைக்கு 1998-இல் அமெரிக்காவில் அனுமதி பெற்றது, ரெசிமேட்டாகவே. கர்ப்பம் பற்றிய கடுமையான கட்டுப்பாடுகளோடு.

சரி, முன்பு தள்ளிவைத்த பூஜ்ஜியத்துக்கு வருகிறேன். போலாரிமீட்டர் பூஜ்ஜியம் காட்டினால் பொருள் ரெசிமிக் என்று எழுதிவிடுவது மிகப் பரவலான பழக்கம். தண்ணீரும் பூஜ்ஜியம்தான் காட்டும், அது கைரலே இல்லை. டார்டாரிக் அமிலத்திலேயே மீசோ என்றொரு வடிவம் உண்டு. பாஸ்டரே 1853-இல் கண்டுபிடித்தது. அதன் ஒரு கார்பன் ஆர், மற்றது எஸ். மூலக்கூறின் ஒரு பாதி மறுபாதியின் பிம்பம். அதுவும் பூஜ்ஜியம், ஆனால் ரெசிமிக் இல்லை. ஒரே வகை மூலக்கூறு மட்டுமே இருக்கிற அதை எவ்வளவு முயன்றாலும் இரண்டாகப் பிரிக்க முடியாது. இதைவிட விசித்திரமான பூஜ்ஜியமும் இருக்கிறது. 1965-இல் வின்பர்க்கின் குழு ஒரு கார்பனில் எத்தில், புரோப்பில், பியூட்டில், ஹெக்சில் என்று நான்கு வேறு வேறு சங்கிலிகள் கொண்ட ஹைட்ரோகார்பனை ஒற்றைக் கைரல் வடிவமாகத் தயாரித்தது. நீளம் வேறானாலும் நான்கும் இயல்பில் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருப்பதால் சுழற்சி அளக்கக்கூடிய அளவுக்கு வரவில்லை. தூய கைரல் பொருள், கருவியில் பூஜ்ஜியம்.

எனவே ஆய்வகத்தில் என்னிடம் ‘ரெசிமிக்’ என்று எழுதிக்கொண்டு வருகிறவர்களிடம் நான் கேட்பது, கலந்திருக்கும் பொருட்களைப் பிரித்துக் காட்டும் எச்.பி.எல்.சி. கருவியில் கைரல் குழாய் வைத்து ஓட்டிய படத்தைத்தான். கைரலான ஒரு பொருள் நிரப்பிய குழாய் வழியாகப் போகும்போது இரண்டு வடிவங்களும் வேறு வேறு நேரத்தில் வெளியே வரும். இரண்டு முகடுகள், பரப்பு சமம் என்றால் ரெசிமிக் என்று எழுதலாம். ஒரே ஒரு முகடு வந்தால் இன்னும் ஒன்றும் முடிவாகவில்லை. அந்தக் குழாய் இவற்றைப் பிரிக்காமல் விட்டிருக்கலாம். தெரிந்த ரெசிமேட் ஒன்றைத் தயாரித்து, அதே நிபந்தனையில் ஓட்டி, அது இரண்டாகப் பிரிகிறதா என்று முதலில் பார்த்துவிட்டு வரச் சொல்லி அனுப்புவேன். ஒற்றை வடிவம் மட்டுமே வேண்டும் என்று வேலை செய்கிறவர்களும் ரெசிமேட்டைத் தயாரித்தே ஆக வேண்டியது இதற்காகத்தான்.